மதாம்மா பிடித்த மேற்குக் கயிறு

கன்னியாகுமரி என்றால் சூரிய உதயம், படகுச் சவாரி, பாசிமாலை, மாலை பஸ் என்று திட்டம் போட்டிருப்பவர்கள் இந்தப் பதிவை இங்கேயே மூடிவிடலாம். எனக்கு வருத்தம் இல்லை. நான் போனது மாவட்டத்தின் மேற்கு ஓரத்துக்கு, 2013 ஏப்ரல் கடைசி வாரத்தில், ஓர் அயர்லாந்துக் கவிஞரைக் கூட்டிக்கொண்டு. காரணம் ஒரு புதுநன்மை விருந்து. அந்த விருந்துக்கு ஒரு தாய்மாமனை எப்படியாவது வரவைக்க வேண்டியிருந்தது.

என்னோடு நாகர்கோவிலில் பி.எட். படித்தவள் சகாயராணி. பிறந்தது ஒரு கடற்கரை ஊர், வாழ்க்கைப்பட்டது பக்கத்துக் கடற்கரை ஊர். ஊர்ப் பெயர்களை எழுதினால் எனக்கு உதை விழும். ஆகவே பிறந்த ஊரைக் கீழத்துறை என்றும் புகுந்த ஊரை மேலத்துறை என்றும் வைத்துக்கொள்வோம். இரண்டுக்கும் நடுவில் அரைக் கிலோமீட்டர் மணல்தான். சுனாமிக்குப் பிறகு கரையெல்லாம் பாறாங்கல்லைக் கொட்டிச் சுவர் கட்டியதில், வலை இழுக்கத் தோதான மணல் மிஞ்சியது அந்த நடுத்துண்டில் மட்டும். அது எங்களுக்கு, இல்லை எங்களுக்கு என்று இரண்டு ஊரும் அடித்துக்கொண்டன. அடிதடியில் சகாயராணியின் அண்ணன் ததேயுவுக்குக் கை முறிந்தது. அவள் கணவன் அந்தோணியின் வள்ளம் உடைந்தது. அதற்கப்புறம் இரண்டு வருடமாக அவள் பிறந்த வீட்டுப் படி ஏறவில்லை.

இப்போது அவள் மகள் ஷைனிக்குப் புதுநன்மை. கோயிலில் பிள்ளை முதன்முதலாக நற்கருணை வாங்கும் நாள். அவர்கள் வழக்கத்தில் அன்றைக்குப் போடும் வெள்ளை உடுப்பும் கழுத்துச் செயினும் தாய்மாமன் கையால் வரவேண்டும். மாமன் வராவிட்டால் ஊர் வாயை மூட முடியாது. போனில் அழுதாள். "ஏட்டி கிரேஸே, கூப்பிடு தூரத்துல எனக்க அண்ணன் இருக்கான். எனக்க பிள்ளை ஆளில்லாத பிள்ளை மாதிரி போயி நிக்கணுமா? நீ ஏதாவது செய்யிட்டி."

நான் வாய் நீளமானவளே தவிர வழக்குத் தீர்க்கத் தெரிந்தவள் இல்லை. தெரிந்த ஒருவரை எனக்குத் தெரியும். பெயர் நோரா. வயது அறுபதுக்கு மேல். கோயம்புத்தூரில் எங்கள் பள்ளி ஆசிரியர்களுக்கு, பிள்ளைகளின் சண்டையை எப்படிக் கையாள்வது என்று ஒருமுறை பயிற்சி கொடுக்க வந்தவர். அன்றிலிருந்து எனக்கு மெயில் பழக்கம். அந்த ஏப்ரலில் திருவனந்தபுரத்தில் கவிதை வாசிக்க வருவதாக எழுதியிருந்தார். சகாயராணியின் கதையைப் பதிலில் கொட்டினேன். "வாசிப்பு முடிந்ததும் எனக்கு வேலை இல்லை, வரலாமா?" என்று கேட்டார். வாருங்கள் தாயே என்றேன்.

புதன்கிழமை காலை ஒன்பது மணிக்குத் திருவனந்தபுரத்திலிருந்து கார். எங்கள் ஊர் மார்த்தாண்டம் நாற்பது கிலோமீட்டர்கூட இல்லை. வாடகை ஆயிரத்து இருநூறு. களியக்காவிளை தாண்டும்வரை ராஜபாட்டை. மார்த்தாண்டம் சந்திப்பை நெருங்கியதும் வண்டி நின்றது, நின்றபடியே நின்றது. அந்த முக்கால் மணி நேரத்தில் நோரா தம் கதை முழுவதையும் சொல்லி முடித்தார் என்றால் எங்கள் ஊர் நெரிசலைப் புரிந்துகொள்ளுங்கள்.

அவர் பிறந்தது வட அயர்லாந்தில் எல்லையோரத்து ஒரு சிறு ஊர். அப்பா வேனில் ரொட்டி கொண்டுபோய் வீடுவீடாகக் கொடுப்பவர். தெருவின் ஒரு பக்கம் கத்தோலிக்கர், மறுபக்கம் புராட்டஸ்டண்டுகள். இரண்டு பக்கமும் அப்பாவின் ரொட்டிதான். ஒருநாள் யாரோ வேனைக் கொளுத்தினார்கள். எந்தப் பக்கத்தான் என்று கடைசிவரை தெரியவில்லை. அப்பா வேறு வேன் வாங்கினார், ஆனால் எதிர்ப்பக்கத்துக்கு ரொட்டி கொண்டுபோவதை நிறுத்திவிட்டார். நோரா எழுதிய முதல் கவிதை அந்த ரொட்டியைப் பற்றியதுதான்: மனுஷன் தாண்டாத தெருவை வாசனை தாண்டிப் போவதைப் பற்றி. கவிதை வாசிக்கப் போன இடங்களில் இரண்டு தரப்பும் வந்து உட்கார்ந்தார்கள். வாசிப்பு முடிந்தும் எழுந்து போகாமல் பேசினார்கள். கேட்டுக்கேட்டே சமரசம் பேசுவது அவருக்கு வேலையாகிவிட்டது. சர்ச் கூடம், பந்து விளையாட்டுக் கிளப், பள்ளிக்கூடச் சமையலறை என்று இருபத்தைந்து வருடம்.

எங்கள் டிரைவர் சுனில் மார்த்தாண்டத்துக்காரன். எல்லாவற்றையும் நான் தமிழில் சொல்லச்சொல்லக் கேட்டுக்கொண்டே வந்தான். "அப்ப அங்கயும் வேதக்காரனும் வேதக்காரனும்தான் அடியாக்கும், இல்லியா?" என்றான். வேதக்காரன் என்றால் எங்கள் பக்கம் கிறிஸ்தவன்.

"ஆமா."

"கொள்ளாம். நான் நம்ம ஆளுவளுக்குத்தான் வேற சோலி இல்லண்ணு நெனச்சேன்."

இதை மொழிபெயர்த்ததும் நோரா சிரித்த சிரிப்பில் பக்கத்து லாரிக்காரர் எட்டிப் பார்த்தார்.

அன்று எங்கள் வீட்டில் தங்கல். மரச்சீனிக் கிழங்கும் மீன்கறியும் அம்மா வைத்தாள். நோரா மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டார். மறுநாள் வியாழக்கிழமை பத்மநாபபுரம் அரண்மனை. மார்த்தாண்டத்திலிருந்து தக்கலை வழியாகப் பதினைந்து கிலோமீட்டர் சொச்சம். திங்களன்று போய் ஏமாறாதீர்கள், விடுமுறை. செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் உள்ளே விடுவார்கள். கறுத்த தரை முகம் பார்க்கலாம் போலப் பளபளக்கும். எல்லோரும் மரவேலையைப் பார்த்தார்கள், நோரா ராஜாவின் ஆலோசனை அறையில் இருக்கைகளைப் பார்த்தார். யார் யாரைப் பார்த்து உட்கார்ந்திருப்பார்கள், சன்னல் யார் முதுகுக்குப் பின்னால் என்று வழிகாட்டியைத் துளைத்தெடுத்தார். நாற்காலி போடும் விதத்திலேயே பாதி வழக்கு தோற்றுவிடும் என்பது அவர் சித்தாந்தம்.

வெள்ளிக்கிழமை பேச்சுவார்த்தை. இரண்டு ஊருக்கும் பொதுவான இடம் வேண்டும். ஒருவன் கோயில் மேடைக்கு மற்றவன் வரமாட்டான். மார்த்தாண்டத்திலிருந்து ஏழெட்டுக் கிலோமீட்டரில் புதுக்கடை. சந்தைக்கு எல்லா ஊர்க்காரனும் வருகிற இடம், யாரும் யாரையும் கேட்கமாட்டார்கள். அங்கே என் சித்தப்பாவின் கல்யாண மண்டபம் இருக்கிறது. சாப்பாட்டுக் கூடத்தைத் திறந்துவிட்டார். நோரா மேசைகளை ஓரமாகத் தள்ளி, பெஞ்சுகளை 'ட' போல மடக்கிப் போட்டார். ததேயுவும் கீழத்துறைப் பெரியவர்கள் இருவரும் வந்தார்கள். அந்தோணியும் மேலத்துறைக்காரர்கள் இருவரும் வந்தார்கள். நான் மொழிபெயர்ப்பாளர். ஒரு வார்த்தை கூட்டக்கூடாது, குறைக்கக்கூடாது என்று எனக்குக் கண்டிப்பான உத்தரவு. என் சுபாவத்துக்கு அது எவ்வளவு பெரிய தண்டனை என்று என்னைத் தெரிந்தவர்களுக்குத் தெரியும்.

நோராவின் விதி ஒன்றே ஒன்று. உன் கதையை நீ சொல்லக்கூடாது. எதிராளியின் கதையை அவன் "ஆமாம், அப்படித்தான்" என்று ஒத்துக்கொள்ளும்வரை நீ சொல்ல வேண்டும்.

"இது என்ன கிறுக்கு வழக்கு?" என்றான் ததேயு. ஆறடி ஆள், முறிந்த கை சற்று வளைந்தபடியே கூடியிருக்கிறது. "அவனுக்க கதைய நான் எதுக்கு சொல்லணும்?"

"சொல்லிப் பாருங்க அண்ணே. காசா பணமா?" என்றேன். கூட்டக்கூடாது என்றார்கள்தான், பொறுக்கவில்லை.

முனகிக்கொண்டே ஆரம்பித்தான். அந்தோணிக்குச் சொந்தமாக இருந்தது ஒரே வள்ளம், அது உடைந்தது, அதற்கப்புறம் அவன் அடுத்தவன் வள்ளத்தில் கூலிக்குப் போகிறான். "இல்ல, முழுசா சொல்லு," என்றான் அந்தோணி. "அந்த வள்ளம் எனக்க அப்பன் சாவுகதுக்கு முன்ன வாங்கித் தந்தது." ததேயு தரையைப் பார்த்தபடி, "அவனுக்க அப்பன் வாங்கிக் குடுத்த வள்ளம்," என்று சேர்த்துச் சொன்னான். அந்தோணி தலையசைத்தான். பிறகு அந்தோணியின் முறை. கை கூடாமல் ததேயு எட்டு மாதம் கடலுக்குப் போகாமல் கிடந்ததையும், தங்கச்சி வந்து பார்க்கவில்லையே என்று ஆஸ்பத்திரியில் அழுததையும் அந்தோணி தன் வாயாலேயே சொன்னான். ததேயு ஆமாம் என்றான்.

காரியம் முடிந்தது என்று நான் மனசுக்குள் பாயசம் வைத்துவிட்டேன். ஆனால் கடைசிக் கேள்வியில் எல்லாம் நின்றது. ஞாயிற்றுக்கிழமைக்கு யார் யாரை முதலில் கூப்பிடுவது?

"அளியன் வந்து கூப்பிடட்டு, வாறேன்," என்றான் ததேயு. அளியன் என்றால் அங்கே மச்சான்.

"கூப்பிட்டாத்தான் வருவானா? மருமவளுக்க விசேஷத்துக்கு மாமனுக்குக் காயிதம் அடிச்சுக் குடுக்கணுமா? எங்க ஊரு கமிற்றிக்காரன் எனக்க தோல உரிச்சிருவான்," என்றான் அந்தோணி.

அவ்வளவுதான், அவரவர் பைக்கை எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. சவங்கள்! பிள்ளையின் உடுப்பு ததேயு வீட்டு அலமாரியில் தயாராகத் தொங்குகிறதாம், பெரியவர்களில் ஒருவர் போகிறபோக்கில் சொன்னார். நோரா நிதானமாக டீ குடித்தார். "இன்று நடந்தது குறைவில்லை," என்றார். எனக்கு அது வெள்ளைக்கார ஆறுதலாகப் பட்டது.

கீழத்துறையில் தெரிந்த வீடொன்றில் அன்றிரவு தங்கினோம். சனிக்கிழமை விடிந்ததும் நோரா கடலைப் பார்க்கக் கிளம்பினார். அங்கே ததேயு கரமடி விட்டுக்கொண்டிருந்தான். பார்க்காதவர்களுக்குச் சொல்கிறேன். வலையோடு கட்டிய நீளக் கயிற்றின் ஒரு முனையைக் கரையில் கொடுத்துவிட்டு, வள்ளம் கடலில் அரைவட்டமாக வலையை விட்டுக்கொண்டே சுற்றிவந்து, மறுமுனைக் கயிற்றைக் கொஞ்சம் தள்ளிக் கரையில் கொடுக்கும். இரண்டு கூட்டம், இரண்டு கயிறு, இரண்டும் ஒரே வேகத்தில் இழுபட வேண்டும். ஒன்று தளர்ந்தால் வலை கவிழ்ந்து மீன் போய்விடும். இழுக்க இழுக்க இரண்டு கூட்டமும் நெருங்கிவரும். கடைசியில் மீன் நிறைந்த பை, அதுதான் மடி, கரையேறும்.

பழைய வழக்கப்படி கிழக்குக் கயிறு கீழத்துறைக்கு, மேற்குக் கயிறு மேலத்துறைக்கு. சண்டைக்குப் பிறகு மேற்குக் கயிற்றுக்கு ஆள் பற்றவில்லை. அன்று கிழடும் நோஞ்சானுமாக ஏழெட்டுப் பேர்தான் நின்றார்கள். நோரா என்னைக் கேட்கவேயில்லை, நேரே போய்க் கயிற்றைப் பிடித்துவிட்டார். "மதாம்மாக்குப் பிடிக்கணுமிண்ணா பிடிக்கட்டு மக்கா," என்றார் ஒருவர். வெள்ளைக்காரப் பெண்மணி யாராக இருந்தாலும் அங்கே மதாம்மாதான். விருந்தாளியைத் தனியாக விட முடியுமா? நானும் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு பிடித்தேன்.

நீரோட்டம் அன்று மேற்கே இழுத்தது. வலை மேற்கே ஒதுங்க, கயிறும் ஒதுங்க, நாங்களும் பக்கவாட்டில் நகர்ந்துகொண்டே போனோம். எதிரே வெள்ளையடித்த ஒரு தென்னங்குற்றி. அதுதான் அந்த நடுமணலில் இரண்டு ஊருக்கும் எல்லை. தாண்டினால் வழக்கு என்று இரண்டு ஊரையும் போலீஸ் எச்சரித்திருந்தது. நோரா கடலையே பார்த்து இழுத்துக்கொண்டிருந்தார். "குற்றி! குற்றி! நில்லுங்க!" என்று கிழக்குக் கயிற்றிலிருந்து ததேயு கத்தினான். குற்றியைக் கண்டதும் எங்கள் பின்னாலிருந்தவர்கள் ஒவ்வொருவராகக் கையை விட்டார்கள். பாரம் முழுவதும் எங்கள் மேல். ததேயு கத்தியதை நோராவுக்கு மொழிபெயர்க்க, வாழ்நாளில் முதல்முறையாக எனக்கு வாயில் வார்த்தை வரவில்லை. நோரா கயிற்றோடு குற்றியைத் தாண்டிப் போய்விட்டார்.

மேலத்துறையிலிருந்து விசில் சத்தம். ஆட்கள் ஓடி வந்தார்கள். முன்னால் அந்தோணி, கையில் துடுப்பு. போச்சுடா, பிள்ளையின் புதுநன்மை கெட்டது என்றே நினைத்தேன். அவன் பக்கத்தில் வந்து நின்றான். நோராவின் உள்ளங்கை தோலுரிந்து கயிற்றில் ரத்தம் ஒட்டியிருந்தது. அவர் விடவில்லை. கடலில் வலை ஒரு பக்கமாகச் சரிந்துகொண்டிருந்தது. வெள்ளி வெள்ளியாகச் சாளை மீன் துள்ளுவது கரையிலிருந்தே தெரிந்தது.

துடுப்பை மணலில் எறிந்தான் அந்தோணி. நோராவுக்கு முன்னால் போய்க் கயிற்றைப் பிடித்தான். "லே, நிண்ணு வேடிக்க பாக்கியளா? மடி கவுரப் போவுது, பிடிங்கலே!" ஓடி வந்தவர்கள் அத்தனை பேரும் பிடித்தார்கள். அதற்குப் பிறகு இழுப்பு என்றால் இழுப்பு. இரண்டு கயிறும் நெருங்கி நெருங்கி, ததேயுவும் அந்தோணியும் தோளுரச நின்றபோது மடி கரையேறியது. சாளையும் நெத்தோலியுமாக இரண்டு பேர் உயரத்துக்கு மீன் என்று சொன்னால் பொய், ஆனால் இடுப்புயரம் உண்டு.

கயிற்றைத் தொட்டவர்களுக்கெல்லாம் பங்கு. அதுதான் கரமடியின் சட்டம். பரதேசி தொட்டாலும் பங்கு உண்டு. கீழத்துறைப் பெரியவர் ஒருவர் மணலில் கூறு வைத்தார். மேலத்துறைக்காரர்களுக்கும் வைத்தார். நோராவுக்கும் ஒரு கூறு.

"எனக்கு வேண்டாம், அவர்களே வைத்துக்கொள்ளட்டும்," என்று கையை ஆட்டினார் நோரா. நல்ல மனசுதான். ஆனால் கையாட்டல் எல்லோருக்கும் புரிந்துவிட்டது. பெரியவர் குனிந்த இடுப்பு நிமிராமல் அப்படியே நின்றார். "பங்கு வேண்டாங்கிறது, பிடிச்சது தப்புங்கிறதுக்கு சமமாக்கும்," என்றார். அளியன் வலையின் மீனை எப்படி வாங்குவது என்று தவித்துக்கொண்டிருந்த அந்தோணிக்கு அது போதும். "மதாம்மாக்கு வேண்டாமிண்ணா எங்களுக்கும் வேண்டாம்," என்று விலகினான். ததேயுவின் முகம் கறுத்தது.

என் வாய் திரும்பி வந்துவிட்டது. "வாங்கித் தொலையுங்கள் நோரா! நீங்கள் வேண்டாம் என்றால் இவர்கள் சேர்ந்து இழுத்ததே தப்பு என்று அர்த்தம்!" என்று ஆங்கிலத்தில் கத்தினேன். அவர் அவசரமாகத் தலையாட்டினார். "ஐயோ, வேண்டும், வேண்டும்! ஆனால் எதில் வாங்குவேன்?"

விசில் கேட்டு மேலத்துறைப் பெண்களும் குற்றி அருகே வந்து நின்றிருந்தார்கள். அவர்களுக்குள்ளிருந்து சகாயராணி வந்தாள். இரண்டு வருடத்தில் முதல்முறையாகக் குற்றியைத் தாண்டி, இடுப்பில் அலுமினியச் சருவத்தோடு. யார் முகத்தையும் பார்க்கவில்லை. சருவத்தை அந்தக் கூறுக்குப் பக்கத்தில் வைத்தாள். "மதாம்மாக்க பங்கு இதுல போடுங்க பாட்டா. அவங்க நாளைக்கு எனக்க வீட்டு விருந்துக்கு வருகாங்க. நான் கறி வச்சுக் குடுப்பேன்."

பெரியவர் மீனை வாரிப் போட்டார். ததேயு தங்கச்சியைப் பார்த்தான், சருவத்தைப் பார்த்தான், தொண்டையைச் செருமினான். "எனக்க மடியில பட்ட மீனு அவளுக்க வீட்டுல வேவுதுண்ணா, உப்பு உண்டா இல்லியாண்ணு நான் வந்து பாக்காண்டாமா?" என்றான். யாரிடம் சொன்னான் என்று தெரியாது. கடலைப் பார்த்துச் சொன்னான்.

அந்தோணியும் கடலைப் பார்த்தே பதில் சொன்னான். "உப்பு பாக்க வாறவன் வெறுங்கையோட வரப்படாது. உடுப்பும் செயினும் எடுத்திட்டு வரணும்."

சகாயராணி அங்கேயே மணலில் உட்கார்ந்து ஓவென்று அழுதாள். நானும் அழுதேன். பெரியவர் மட்டும், "மீனு வெயிலு கொள்ளுது, தூக்குங்கட்டி," என்று எங்களை விரட்டினார்.

அன்று அந்தோணியிடம் கேட்டேன், எப்படி அண்ணே துடுப்பைக் கீழே போட்டீர்கள் என்று. "நேத்து புதுக்கடையில அவனுக்க வாயால எனக்க அப்பன் வாங்கித் தந்த வள்ளத்துக்க கதைய கேட்டேன்லா. அது காதுலயே கெடந்துது. இல்லண்ணா துடுப்பு வேற எடத்துல விழுந்திருக்கும்." வெள்ளைக்கார ஆறுதல் என்று நான் நினைத்ததற்கு நோராவிடம் மனசுக்குள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டேன்.

நோராவிடமும் கேட்டேன், தெரிந்துதான் தாண்டினீர்களா? கைக்கு மருந்து தடவியபடி சிரித்தார். "எனக்குத் தெரிந்திருந்தால் குற்றிக்கு இந்தப் பக்கமே நின்றிருப்பேன். எங்கே நிற்க வேண்டும் என்பதைத்தான் இருபத்தைந்து வருடமாகப் படித்திருக்கிறேன்." பிறகு, "அப்பா அந்தத் தெருவைக் கடைசிவரை தாண்டவில்லை," என்றார்.

ஞாயிறு காலை பூசைக்கு முன்பே ததேயு வந்துவிட்டான். உடுப்பு, செயின், ஒரு குலை மட்டி வாழைப்பழம், கூடக் கீழத்துறையிலிருந்து பதினோரு பேர். கமிற்றிக்காரர்கள் முறைத்தார்கள். உப்பு பார்க்க வந்தவனை எந்தச் சட்டத்தில் தடுப்பது? ஷைனி வெள்ளை உடுப்பில் மாமன் கையைப் பிடித்துக்கொண்டு கோயிலுக்குள் போனாள். நான் புராட்டஸ்டண்டுக்காரி, பின்பெஞ்சில் உட்கார்ந்தேன். ஏசு பங்கிட்ட அப்பமும் மீனும் என்று யாராவது பின்னூட்டத்தில் பிரசங்கம் தொடங்கினால் அழித்துவிடுவேன். மணல் வழக்கு இன்னும் கோர்ட்டில்தான் கிடக்கிறது. அது தீர்ந்தது என்று நான் புளுகமாட்டேன்.

போக நினைப்பவர்களுக்கு: மார்த்தாண்டத்திலிருந்து புதுக்கடை வழியாகக் கடற்கரைக்கு பஸ் உண்டு, சில்லறை வைத்துக்கொள்ளுங்கள். கரமடி பார்க்க மழைக்காலம் ஆகாது. கடல் அடங்கிய மாதங்களில் விடிந்ததும் போங்கள். புகைப்படம் எடுக்குமுன் கேளுங்கள். கயிற்றைச் சும்மா விளையாட்டுக்குத் தொடாதீர்கள். தொட்டுவிட்டால் மடி கரையேறும்வரை விடாதீர்கள். பங்கு கொடுத்தால் இரண்டு கையாலும் வாங்கிக்கொள்ளுங்கள், பை இல்லாவிட்டால் முந்தானையில்.

விருந்தில் முதல் இலை ததேயுவுக்கு. சகாயராணி கறியை ஊற்றிவிட்டு நகராமல் நின்றாள். ஒரு வாய் வைத்தான். எல்லோரும் அவன் வாயையே பார்த்தோம்.

"உப்பு கொறவு," என்றான். "அடுத்த ஞாயிறும் வந்து பாக்கணும் போல இருக்கு."